கூட வந்த வாத்தியம்

பூலாங்கோட்டையில் பெண்களுக்குப் பின்னால் வாத்தியம் கேட்கத் தொடங்கியது ஓர் ஆனி மாதத்துச் செவ்வாய்க்கிழமை, காலை ஆறு பத்துக்கு, ஸ்ரீபங்கஜா டாக்கீஸில் அந்தப் படம் ஐம்பத்தோராவது நாளாக ஓடிக்கொண்டிருந்தபோது. முதலில் கேட்டது டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை பார்த்த குழல்வாய்மொழிக்குப் பின்னால். அவளுக்கு வந்தது ட்ரம்பெட்.

முதல் ஷிப்டுக்குக் கிளம்பியவள் வாசற்படி இறங்கி, கைப்பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, மணி பார்க்க இடது மணிக்கட்டைத் திருப்பினாள். அப்போது அது ஒரு தடவை பீறிட்டது. அவள் நின்றாள், அதுவும் நின்றது. அவள் நடந்தாள், ட்ரம்பெட்டோடு பாங்கோ மேளமும் சேர்ந்துகொண்டு, இடது காலுக்கு ஒன்றும் வலது காலுக்கு ஒன்றுமாகத் தட்டியபடி மூன்றாம் தெரு முழுக்கக் கூட வந்தது. முக்கு டீக்கடையில் நின்றவர்கள் கண்ணாடி டம்ளரை வாயில் வைத்தபடியே திரும்பிப் பார்த்தார்கள். ஒருவர் முகத்திலும் ஆச்சரியம் இல்லை. படத்தில் கைப்பையும் கறுப்புக் கண்ணாடியுமாக ஒருத்தி மாடிப்படி இறங்கி வரும்போதெல்லாம் ஐம்பது நாளாக அவர்கள் கேட்ட சத்தம்தான் அது. "நான் அப்பவே நெனச்சேன்" என்றான் ஒருவன். என்ன நினைத்தான் என்று யாரும் கேட்கவில்லை. எல்லாரும் அதையேதான் நினைத்திருந்தார்கள்.

குழல்வாய்மொழிக்கு அப்போது வயது முப்பத்தாறு. குற்றாலத்து அம்மன் பெயரை ஆசையாக வைத்த அப்பாவும் அம்மாவும் ஒரே வருஷத்தில் அடுத்தடுத்துப் போய்ச் சேர்ந்தபின், பத்து வயதுத் தம்பி சங்கரவேலுவை வளர்த்து, படிக்கவைத்து, மர டிப்போவில் வேலைக்குச் சேர்த்து, கல்யாணமும் செய்துவைத்தவள் அவள். தனக்கென்று ஒன்றைப் பார்க்க அவளுக்கு நேரம் வந்தபோது, பார்க்க வந்தவர்களுக்கு நேரம் கடந்துபோயிருந்தது. கையில் வாட்ச் கட்டியதும் கைப்பை வைத்திருந்ததும் அந்த ஊரில் அவள் ஒருத்திதான். ஷிப்டுக்கு நேரத்தில் போக வாட்ச் வேண்டியிருந்தது, சோற்று டப்பாவையும் குடையையும் வைக்கப் பை வேண்டியிருந்தது. அந்தப் படம் வரும்வரை வாட்ச் வாட்சாகவும் பை பையாகவும்தான் இருந்தன.

மத்தியானத்துக்குள் ஊரில் எல்லாப் பெண்களுக்கும் வந்துவிட்டது. இடுப்பில் பிள்ளை இருந்தவர்களுக்கு வயலின். புருஷனை இழந்தவர்களுக்கு ஷெனாய், அவர்கள் குடம் தூக்கக் குனிந்தாலும் ஷெனாய், என்னத்தையாவது நினைத்துச் சிரித்தாலும் ஷெனாய். பள்ளிக்கூடத்துச் சிறுமிகளுக்குப் புல்லாங்குழல். கருவாட்டுக்காரிக்கு அவள் வாய் திறக்குமுன்பே கேட்கிறவர்களைச் சிரிக்கவைக்கிற ஒரு கோணல் தாளம். தலை குனிந்து, பெருவிரலைப் பார்த்து, நகராத மாதிரி நகர்ந்த மருமகள்களுக்கு வீணை. ஆண்களுக்கு ஒன்றும் வரவில்லை. பஞ்சாயத்துத் தலைவர் தனக்கு நாதஸ்வரமாவது வரும் என்று எதிர்பார்த்துக் கடைவீதியில் இரண்டு நடை நடந்து பார்த்தார். செருப்புச் சத்தம்தான் கேட்டது. "ஆம்பளைக்கு எதுக்கு, அவன் யாருன்னுதான் எல்லாருக்கும் தெரியுமே" என்று சொல்லிக்கொண்டு வீட்டுக்குப் போனார்.

இது எப்படி வந்தது என்று ஊர் ஒரு வாரம்கூட யோசிக்கவில்லை. வந்தது வசதியாகப் போயிற்று என்றுதான் நினைத்தது. முன்பெல்லாம் ஒரு பெண் எப்படிப்பட்டவள் என்று தெரிந்துகொள்ள நாலு பேரிடம் விசாரிக்க வேண்டியிருந்தது, அந்த நாலு பேரும் நாலு விதமாகச் சொன்னார்கள். இப்போது காதைக் கொடுத்தால் போதும். ரேஷன் கடை வரிசையில் வீணைக்காரிகளுக்கு வழிவிட்டார்கள். ட்ரம்பெட் வந்த ஏழெட்டுப் பேருக்குப் பஸ்ஸில் பக்கத்து சீட்டு காலியாகவே கிடந்தது, இல்லையென்றால் ஒட்டி உரசிக்கொண்டு நிறைந்தது. பெண் பார்க்க வருகிறவர்கள் பாடச் சொல்வதை விட்டுவிட்டு, "பிள்ளைய ஒரு பத்தடி நடக்கச் சொல்லுங்க" என்று கண்ணை மூடி உட்கார்ந்துகொண்டார்கள். வேகமாக நடந்தால் வீணை புல்லாங்குழலாக நழுவும், இன்னும் வேகமாக நடந்தால் பாங்கோவில் போய் விழும் என்று கண்டுபிடித்த அம்மாக்கள் மகள்களுக்கு நடை பழக்கினார்கள். பெண்கள் பள்ளியில் நீளம் தாண்டுதலை நிறுத்தினார்கள், ஏனென்றால் ஓடிவந்து காற்றில் எழும்பிய ஒரு பிள்ளைக்கு அந்தரத்தில் சாக்ஸபோன் கேட்டுவிட்டது, அதைக் கேட்ட ட்ரில் மாஸ்டர் விசிலைக் கீழே போட்டுவிட்டார். இரண்டே மாதத்தில் அந்த ஊர்ப் பெண்கள் எல்லாரும் மெதுவானார்கள். குளத்துப் படியில், கோயில் பிரகாரத்தில், கடைத்தெருவில், தண்ணீருக்குள் நடக்கிறவர்களைப் போல நடந்தார்கள்.

நூறாவது நாள் படம் மாறியது. படப்பெட்டியை மாட்டுவண்டியில் ஏற்றி ஸ்டேஷனுக்குக் கொண்டுபோனபோது வாத்தியமும் அதற்குள்ளேயே போய்விடும் என்று சில பெண்கள் ரகசியமாக நம்பி, ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு பார்த்திருந்தார்கள். பெட்டி போயிற்று. வாத்தியம் தங்கிவிட்டது.

குழல்வாய்மொழிக்கு எக்ஸ்சேஞ்சில்தான் பெரிய சங்கடம். கல்லாகச் சமைந்து உட்கார்ந்திருந்தால் சத்தம் வராது, ஆனால் வருகிற ஒவ்வொரு அழைப்புக்கும் கையை நீட்டி பிளக்கைச் சொருக வேண்டுமே, சொருகும்போதெல்லாம் ட்ரம்பெட் ஒரு கீற்றுக் கீறும், அது அப்படியே கம்பி வழியாக மதுரைக்கும் மெட்ராஸுக்கும் போகும். யாருக்கும் பேச வேண்டியிராத ஆட்கள் அதைக் கேட்பதற்காகவே ரிசீவரை எடுத்தார்கள். "நம்பர் சொல்லுங்க" என்பாள். "நம்பர் கெடக்கட்டும், இன்னொரு தடவ கைய அசைங்க" என்பார்கள். வேறு வேலை என்றால் விட்டுவிட்டு வந்திருப்பாள். ஆஸ்பத்திரிக்கும் ஃபயர் சர்வீஸுக்கும் அந்தக் கைதான் லைன் கொடுக்க வேண்டியிருந்தது.

கல்யாண பேண்டில் வாசிக்கிற மரியதாஸ் ஒருநாள் கடைவீதியில் அவளை நிறுத்தினார். ஊரில் அவளை நிறுத்திப் பேசியவர் அந்த மாதத்தில் அவர் ஒருத்தர்தான். "ட்ரம்பெட் கெட்ட வாத்தியம் இல்ல தாயி. ஈஸ்டருக்கு எங்க கோயில்ல, ஆண்டவர் உயிர்த்தெழும்போது நான் இதத்தான் வாசிக்கேன். படத்துல அத எவ வரும்போது ஊதணும்னு ரூமுக்குள்ள உக்காந்து எவனோ முடிவு பண்ணிட்டான், அவ்வளவுதான்" என்றார்.

"உங்களுக்குத் தெரியுது அண்ணாச்சி. கேக்கவங்களுக்குத் தெரியலையே."

"எனக்கும் முழுசாத் தெரியாது" என்றார் மரியதாஸ், தரையைப் பார்த்துக்கொண்டு. "நீங்க வாறத தூரத்துல கேட்டப்போ நானும் ஒரு நிமிஷம் வேற மாதிரிதான் நெனச்சேன்."

ஊரிலேயே அழகான வீணை அவள் தம்பி மனைவி செண்பகவல்லிக்குத்தான் வந்தது. செண்பகத்துக்கு இருபத்திரண்டு வயது. கல்யாணமாகி வந்த மூன்று வருஷத்தில் அவள் சத்தமாகப் பேசியதை யாரும் கேட்டதில்லை, ஆனால் மதினி குழல்வாய்மொழியும் அவளும் மட்டும் அடுப்படியில் இருக்கும்போது வாய் மூடாமல் பேசுவாள். பிறந்த ஊரில் பார்த்த பேய்களைப் பற்றியும், ஓடிப்போன பெரியப்பாவைப் பற்றியும், தேங்காய்க்குள் தண்ணீர் எப்படிப் போகிறது என்பதைப் பற்றியும். அவள் கோயிலுக்குப் போகும்போது ஆட்கள் கடையைப் பாதியில் விட்டுவிட்டுப் பின்னாலேயே போனார்கள். கண் தெரியாத ஒரு வாத்தியார் அவள் மூன்றாம் தெருவைக் கடந்து முடிக்கும்வரை கைகூப்பியபடி நின்றார்.

ஆனால் அந்த வீணை வீட்டுக்குள் கேட்பதில்லை. குழல்வாய்மொழி செண்பகத்துக்குப் பத்தடிக்குள் வந்துவிட்டால் ட்ரம்பெட்டும் அணைந்துபோகும், வீணையும் அணைந்துபோகும். இரண்டு பேரும் பாத்திரம் தேய்க்கிற சத்தமும் பேசுகிற சத்தமும்தான் மிஞ்சும். அவர்கள் அதைப் பெரிய நிம்மதியாக நினைத்தார்கள். அக்கம்பக்கத்தார் அப்படி நினைக்கவில்லை. "உங்க அக்கா அந்தப் பிள்ளையோட வீணைய முழுங்குறா தம்பி" என்று சங்கரவேலுவிடம் சொன்னார் எதிர்வீட்டுப் பிச்சம்மாள். கோயில் டிரஸ்டி டிப்போவுக்கே வந்து சொன்னார். அதுவரை ஊரில் ஒருத்தரும் டிப்போவுக்கு வந்து சங்கரவேலுவிடம் ஒன்றும் சொன்னதில்லை. அவன் சாதுவான ஆள், எந்தச் சட்டை போட வேண்டும் என்றுகூட அக்காவைக் கேட்டே வளர்ந்தவன்.

அவன் அக்காவின் முகத்தைப் பார்க்காமல்தான் பேசினான். "எக்ஸ்சேஞ்சு பக்கத்துல ஒரு ரூம் பாத்திருக்கேன்க்கா. ஒனக்கும் நடக்க தூரம் கொறையும்."

"எனக்கு நடக்கத் தூரம்னு நான் எப்பவாச்சும் சொன்னேனாடா?"

"ஊரு சொல்லுது. சத்தம் ரெண்டும் கலந்து கெட்டுப்போவுதுன்னு சொல்லுது. படத்துலயும் நீ பாத்தேல்ல, ஒரு வீட்டுல ரெண்டும் இருந்தா வெளங்காதுன்னு."

அவள் பார்த்திருந்தாள், இரண்டு தடவை. படத்தில் நல்லவளின் புருஷன் கைப்பைக்காரியின் பின்னால் போகிறான், நல்லவள் விளக்கேற்றிக் காத்திருக்கிறாள், திரும்பி வந்தவன் எட்டி உதைக்கிறான், உதைத்த காலுக்கு வலிக்குமே என்று இவள் எண்ணெய் தேய்த்துவிடுகிறாள், வீணை ஒலிக்கிறது. கடைசியில் கைப்பைக்காரி சுடப்பட்டு விழுகிறாள், ட்ரம்பெட் பாதியில் அறுந்துபோகிறது. இரண்டு தடவையும் குழல்வாய்மொழி நல்லவளுக்காகத்தான் முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். சுடப்பட்டு விழுந்தவளுக்கு ஒரு பெயர் இருந்ததா என்றுகூட அவளுக்கு இப்போது நினைவில்லை. டிரங்குப் பெட்டியை எடுத்துக்கொண்டு புறப்பட்டாள். தெருமுனைவரை ட்ரம்பெட் கூட வந்தது, முதுகுக்குப் பின்னால் வீட்டுக்குள் வீணை எழும்பியது.

அதன்பின் நடந்ததை ஊர் பின்னாளில் பலவிதமாகச் சொன்னது. நடந்தது இதுதான். ஒரு சாயங்காலம் குழம்பில் உப்பு கூடிவிட்டது என்று சங்கரவேலு செண்பகத்தை ஓர் அறை அறைந்தான். அதற்குமுன் அவன் யாரையும் அடித்ததில்லை, அடித்த கையைப் பார்த்து அவனே பயந்துபோனான். ஆனால் அவள் சுவரோரமாகச் சரிந்து அழுதபோது வீணைக்குப் பின்னால் ஒன்றல்ல இரண்டல்ல, பத்துப் பதினைந்து வயலின்கள் ஒன்றாக எழுந்தன. தெருவில் எல்லாக் கதவும் திறந்தது. கைவேலையைப் போட்டுவிட்டு ஆணும் பெண்ணும் வாசலுக்கு வந்து நின்றார்கள். அப்படி ஒரு சங்கீதத்தை அவர்கள் டாக்கீஸில்கூடக் கேட்டதில்லை; பிச்சம்மாள் தூணைப் பிடித்துக்கொண்டு தேம்பினார். மறுநாள் சங்கரவேலு தெருவில் நடந்தபோது பெரியவர்கள் எழுந்து நின்றார்கள். "ஒன் வீட்டுக்காரி மாதிரி ஒருத்தி இந்தச் சீமையில கெடயாதுப்பா" என்றார் டிரஸ்டி, அவன் தோளில் கை வைத்து. சங்கரவேலுவின் தோளில் அதுவரை அப்படி யாரும் கை வைத்ததில்லை.

ஒரு வாரம் கழித்து மறுபடியும். பிறகு இரண்டு நாளுக்கு ஒரு தடவை. பிறகு தினமும், அவன் டிப்போவிலிருந்து வந்து முகம் கழுவி, காப்பி குடித்து, ஐந்தரை மணிக்கு. அவள் தாய்வீட்டுக்குப் போய்விடக்கூடாது என்று உள் அறையில் வைத்துத் தாழ்ப்பாள் போட்டான். கூண்டுக்குள் இருப்பதுபோல அவள் அந்த அறைக்குள் நடந்தாள், நடக்க நடக்க வீணை கேட்டது. கதவை உள்ளங்கையால் தட்டினாள், அது மிருதங்கமாகக் கேட்டது. அவள் வாயைத் திறந்து என்ன சொன்னாலும் அது சொல்லாக வெளியே வராமல் வயலினாக வந்தது. ஆட்கள் பாய் கொண்டுவந்து தெருவில் விரித்தார்கள். நிலக்கடலை வண்டிக்காரன் டாக்கீஸ் வாசலை விட்டுவிட்டு மூன்றாம் தெருவுக்கு வந்தான். அழுது முடித்து வீட்டுக்குப் போன ஆண்கள் அன்றைக்குத் தங்கள் மனைவிகளிடம் கொஞ்சம் மென்மையாக நடந்துகொண்டார்கள், பிறகு இவளுக்கு ஏன் அப்படி வாசிக்கவில்லை என்று யோசித்தபடி படுத்திருந்தார்கள்.

குழல்வாய்மொழியும் கேட்டாள். பத்தடிக்குள் போகக்கூடாது என்று தம்பி சொல்லியிருந்ததால் தெருமுனையில், ஒரு சிமெண்ட் கம்பத்துக்குப் பின்னால் அசையாமல் நின்று நாலைந்து சாயங்காலம் கேட்டாள். செண்பகம் நன்றாக இருக்கிறாள், நான் இல்லாததால் அவள் சங்கீதம் வளர்ந்திருக்கிறது என்று நினைத்தாள், அவளுக்குக் கண் கலங்கியது. அந்தக் கண்ணீருக்காக அவள் பின்னால் வெகுகாலம் தன்னை மன்னிக்கவில்லை.

ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம் டிரஸ்டி மதுரையில் இருந்த தன் மச்சானுக்கு ட்ரங்க் கால் போட்டார். லைன் சரியாக இருக்கிறதா என்று பார்க்க குழல்வாய்மொழி ஹெட்செட்டில் காது வைத்தாள்.

"நேத்து ரொம்ப விசேஷம் மச்சான்" என்றது டிரஸ்டியின் குரல். "மண்ட ஒடஞ்சிருச்சு போல. அந்த வீணக் கம்பி அழுத அழுக இருக்கே, அடேயப்பா. ஞாயித்துக்கெழம பிள்ளைகளையும் கூட்டிட்டு வாங்க, முன்னாடி எடம் போட்டு வைக்கேன்."

"அந்தப் பிள்ளைக்கு என்ன ஆச்சு?" என்றது மதுரைக் குரல்.

"எந்தப் பிள்ளைக்கு?" என்றார் டிரஸ்டி. நிஜமாகவே அவருக்குப் புரியவில்லை.

குழல்வாய்மொழி பிளக்கைப் பிடுங்கினாள். ட்ரம்பெட் போர்டு அதிர வெடித்தது.

அன்றைக்கே போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனாள். சப்-இன்ஸ்பெக்டர் அவள் படியேறும்போதே பாங்கோவுக்குத் தக்கபடி மேஜையில் விரலால் தட்டிக்கொண்டிருந்தார். அவள் சொன்னதையெல்லாம் சிரித்த முகமாகக் கேட்டார். "தம்பி குடும்பத்துக்குள்ள பூந்து பிரிச்சுவிடப் பாக்குறீங்க. இந்த சீன் எனக்குத் தெரியும்மா, நானும் மூணு தடவ பாத்தேன்" என்றார். பஞ்சாயத்துத் தலைவர் வீட்டில் அவளைப் படிக்குக் கீழேயே நிறுத்தினார்கள். டிப்போவுக்குப் போனாள், சங்கரவேலு தூரத்தில் ட்ரம்பெட்டைக் கேட்டதுமே மரக்கட்டைகளுக்குப் பின்னால் போய்விட்டான். அவள் சொல்கிற சொல் எல்லாம் உண்மையாக இருந்தது, ஆனால் ஒவ்வொரு சொல்லுக்கும் அடியில் அந்தச் சத்தம் இருந்தது, கேட்டவர்கள் சத்தத்தைத்தான் நம்பினார்கள்.

ஞாயிற்றுக்கிழமை ஐந்தரை மணிக்கு மூன்றாம் தெரு நிறைந்திருந்தது. மதுரைப் பிள்ளைகள் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார்கள். வெயில் இன்னும் இறங்கவில்லை. வீணை ஏறி, வயலின்கள் ஏறி, மிருதங்கம் ஏறி, ஜனம் மூச்சுப் பிடித்து உட்கார்ந்திருந்தபோது தெருமுனையில் ட்ரம்பெட் கேட்டது. "ஏய், நிறுத்து!" என்று ஒருவன் கத்தினான். "அந்தப் பொம்பளயப் பிடிங்கடா!" அவள் நிற்கவில்லை. முப்பத்தாறு வயதுக்குள் அவள் பட்ட எல்லா அவசரத்திலும் ஓடாத ஓட்டம் ஓடினாள். அவள் ஓட ஓட ட்ரம்பெட் உச்சத்துக்குப் போயிற்று, அது தங்கள் மேல் பட்டுவிடும் என்பதுபோல ஆட்கள் பாயோடு விலகினார்கள், பாங்கோவின் சத்தத்தில் கடலை வண்டியின் தராசு ஆடியது; அவள் வாசற்படியில் கால் வைத்தாள்.

எல்லாம் அணைந்தது.

அந்தத் தெருவில் மூன்று மாதமாகக் கேட்காத அமைதி கேட்டது. அந்த அமைதிக்குள்ளிருந்து உள்ளங்கை மரத்தில் அடிக்கிற சத்தம் வந்தது. அதில் தாளம் எதுவும் இல்லை, சில அடிகள் பலமாகவும் சில சோர்ந்தும் விழுந்தன. அதோடு ஒரு குரல், தொண்டை கட்டிப்போன குரல், பலநாள் சொல்லிச் சொல்லி அலுத்துப்போன விதமாக, ஏற்ற இறக்கமே இல்லாமல் சொல்லிக்கொண்டிருந்தது.

"யாராச்சும் கதவத் தொறங்க. தாப்பா வெளியதான் இருக்கு. வலிக்கு. பிச்சம்மா அத்த, தாப்பா வெளியதான் இருக்கு. யாராச்சும் தொறங்க."

வாசல் கதவு எப்போதும் திறந்துதான் கிடந்தது. தெருவில் எங்கே உட்கார்ந்தாலும் முன்கூடமான பட்டாசாலைக்கு அந்தப் பக்கம் உள் அறைக் கதவும் அதன்மேல் போட்டிருந்த இரும்புத் தாழ்ப்பாளும் தெரியும். எல்லாரும் தினமும் அதைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தார்கள். பிச்சம்மாள் வாயைப் பொத்திக்கொண்டார். ஒருவன் கையிலிருந்த கடலைப் பொட்டலத்தை எங்கே வைப்பது என்று தெரியாமல் வைத்துக்கொண்டு நின்றான்.

சங்கரவேலு பட்டாசாலையில் நாற்காலியில் கண்ணை மூடி உட்கார்ந்திருந்தான். அவன் விரல்கள் தொடையில் தாளம் போட்டபடியே நின்றுபோயிருந்தன. கண் திறந்து அக்காவைப் பார்த்தான். "கெடுத்துட்டியேக்கா" என்றான், அழுகிற குரலில். அவள் அவனைத் தாண்டி உள் அறைக்குப் போனாள். தாழ்ப்பாள் துருப்பிடிக்கவில்லை, கனமாகவும் இல்லை. ஒரு விரலால் தள்ளினாள், திறந்துகொண்டது.

செண்பகம் உடனே வெளியே வரவில்லை. கதவைத் தட்டிய கை அந்தரத்தில் நிற்க, நெற்றியில் காய்ந்த ரத்தத்தோடு, கதவு இருந்த இடத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். "மதினி" என்றாள். தன் குரல் தனக்குக் கேட்டதும் திடுக்கிட்டு மறுபடியும் சொல்லிப் பார்த்தாள். "மதினி."

"வா, போவோம்."

கையைப் பிடித்துக்கொண்டு படியிறங்கினார்கள். யாரும் தடுக்கவில்லை, யாரும் உதவவும் இல்லை. பிச்சம்மாள் மட்டும் எழுந்து வந்து, "வெறுங்காலோட போறாளே" என்று தன் செருப்பைக் கழற்றி செண்பகத்தின் முன்னால் போட்டுவிட்டு, அவள் முகத்தை ஏறிட்டுப் பார்க்காமல் திரும்பிப் போனார். அவர்கள் தெருவின் பாதியைக் கடக்கும்போது பின்னாலிருந்து யாரோ கேட்டார்கள், "அப்ப இன்னைக்கு அவ்வளவுதானா?"

பூலாங்கோட்டை அதற்குப் பிறகும் கொஞ்சநாள் ஐந்தரை மணிக்கு மூன்றாம் தெருவில் வந்து உட்கார்ந்து பார்த்தது. சங்கரவேலுவுக்கு இன்னொரு பெண் பார்க்க டிரஸ்டியே முன்னால் நின்றார். ஆனால் பார்க்கப்போன வீடுகளில் ஒரு சங்கடம் வந்தது. பத்தடி நடக்கச் சொன்னால் பெண் தனியாக வருவதில்லை. பக்கத்துவீட்டு ட்ரம்பெட்காரி ஒருத்தியையோ, ஷெனாய் வந்த சித்தியையோ கையைப் பிடித்துக்கொண்டு வந்து நடந்தாள்; கண்ணை மூடி உட்கார்ந்தவர்களுக்குக் கொலுசுச் சத்தம் மட்டும்தான் கேட்டது. அன்று தெருவில் இருந்த பெண்கள் கதவுச் சத்தத்தை மட்டுமல்ல, அதற்கு முந்தைய அமைதியையும் கேட்டிருந்தார்கள். கொஞ்சம் கொஞ்சமாக அந்த ஊரில் பெண்கள் ஜோடி ஜோடியாகவே வெளியே போனார்கள், பொருந்தாத வாத்தியங்களாகப் பார்த்துச் சேர்ந்துகொண்டு. வாத்தியம் அங்கே இன்னமும் போய்விடவில்லை என்றும், தனியாகப் போகிற பெண்ணுக்கு அது காத்திருக்கிறது என்றும் சொல்கிறார்கள்.

குழல்வாய்மொழி தூத்துக்குடிக்கு மாற்றல் வாங்கிக்கொண்டாள். அந்த ஊரிலும் பெண்களுக்கு வாத்தியம் இல்லாமல் இல்லை; துறைமுகச் சங்கும் லாரி ஹாரனும் மீன் ஏலக் கூச்சலும் சேர்ந்து அதை அமுக்கி வைத்திருந்தன. கடலோரத்தில் ஒரு வீட்டில் இரண்டு பேரும் இருந்தார்கள். செண்பகம் ஒரு தையல் கடையில் வேலைக்குச் சேர்ந்தாள். நெற்றித் தழும்பு சுருங்கியது. பேய்களைப் பற்றியும் பெரியப்பாவைப் பற்றியும் மறுபடி பேச ஒரு வருஷம் ஆயிற்று.

அந்த வருஷத்துக்குப் பிறகு ஒருநாள் சாயங்காலம் கடற்கரையில் உட்கார்ந்திருக்கும்போது செண்பகம் சொன்னாள்.

"மதினி, நான் ஒண்ணு சொன்னா என்னய வெறுத்துர மாட்டீங்களே?"

"சொல்லு."

"உள்ள இருந்து எனக்கும் அது கேட்டுச்சு. அந்த வீண, அந்த வயலினு, எல்லாம். மொதல்ல இருவது நாளு நான் கதவத் தட்டவே இல்ல. அடி விழும்போது வலிக்கும், ஆனா அது வாசிக்க ஆரம்பிச்சதும் நான்தான் பெரிய ஆளுன்னு இருக்கும். வெளிய ஊரே எனக்காக அழுவுது. எங்கம்மாகூட எனக்காக அப்படி அழுததில்ல." மணலை அள்ளி விரலிடுக்கில் விட்டாள். "நல்லாருந்துச்சு மதினி. அதத்தான் என்னால தாங்க முடியல."

குழல்வாய்மொழிக்குக் கம்பத்துக்குப் பின்னால் நின்ற சாயங்காலங்கள் நினைவுக்கு வந்தன. "நானும் முனையில நின்னு அழுதேன்ட்டீ" என்றாள். "நீ நல்லாருக்கேன்னு நெனச்சு அழுதேன்."



அதற்குப் பிறகு சில சாயங்காலங்களில் செண்பகம் மதினியின் கையை விட்டுவிட்டு, கரையோரமாக முன்னால் நடந்துபோவாள். பத்தடி தாண்டியதும் அலைச் சத்தத்துக்கு நடுவே மெல்லிசாக வீணை கேட்கும். அவள் தலை தானாகக் குனியும், நடை குறையும். குழல்வாய்மொழி இருந்த இடத்தில் அசையாமல் இருப்பாள். கூப்பிட மாட்டாள், பின்னால் போகவும் மாட்டாள். பத்து நிமிஷமோ அரைமணியோ கழித்து செண்பகம் தானாகவே திரும்பி வந்து கையைப் பிடித்துக்கொள்வாள். நாளாக ஆக அவள் ரொம்ப தூரம் போக வேண்டியிருந்தது. முதலில் பத்தடியில் கேட்டது பிறகு ஐம்பதடியில்தான் கேட்டது, பிறகு கவிழ்த்துவைத்த படகுகள்வரை போனால்தான் கேட்டது.

ஏழாவது வருஷம் பங்குனியில் ஒருநாள் அவள் படகுகளைத் தாண்டி, உப்புக் கிடங்கைத் தாண்டி, ஒரு புள்ளியாகச் சிறுத்துப்போகும்வரை நடந்தாள். அங்கே நின்றாள். குதித்தாள். ஓடினாள். பிறகு திரும்பி வேகவேகமாக வந்தாள், சேலை முழங்கால்வரை நனைந்திருந்தது.

"வரல மதினி" என்றாள். "எவ்வளவு தூரம் போயும் வரல. போயிருச்சு."

சொல்லிவிட்டு அழத் தொடங்கினாள். மதினியின் முன்னால் மண்டியிட்டு, மடியில் முகத்தைப் புதைத்து, தோள் குலுங்க அழுதாள். மூக்கு ஒழுகியது. இடையிடையே விக்கல் வந்தது, இருமல் வந்தது, குரல் கீச்சிட்டு உடைந்தது, மூச்சு வாங்க ஒரு கோரமான சத்தத்தோடு நின்று மறுபடியும் தொடங்கியது. தூரத்தில் வலை மடித்துக்கொண்டிருந்தவர்கள் ஒரு தடவை திரும்பிப் பார்த்துவிட்டு, முகத்தைச் சுளித்துத் தங்கள் வேலையைத் தொடர்ந்தார்கள்.

குழல்வாய்மொழி அவள் தலையைத் தடவிக்கொண்டு கடைசிவரை கேட்டாள். அந்த அழுகை கேட்பதற்கு நன்றாக இல்லை.